கோணிய தொப்பியோடு ஒரு கேப்டன்

'டாட்ஸ் ஆர்மி' என்ற பிரிட்டிஷ் டிவி நகைச்சுவைத் தொடரில், 1973-ல் ஒளிபரப்பான ஒரு எபிசோடில் இப்படி ஒரு காட்சி வரும். இரண்டாம் உலகப்போர் நடக்கிறது, இங்கிலாந்தின் தென்கரையில் ஒரு சின்ன ஊர். அந்த ஊர்க்காவல் படையிடம் பிடிபட்ட ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் கேப்டன் நிலைமையைத் தலைகீழாக்கி, கையெறி குண்டு ஒன்றைப் படையில் ஒருவரின் கால்சட்டைக்குள் பின்பக்கமாகப் போட்டு, அதோடு கட்டிய கயிற்றைத் தன் கையில் வைத்துக்கொண்டு எல்லோரையும் துறைமுகத்துக்கு நடத்திப் போவான். எழுதியவர்கள் முதலில் அந்தக் குண்டைப் படையின் தலைவர் கேப்டன் மேனரிங்கின் கால்சட்டைக்குள்தான் போட்டிருந்தார்கள். தலைவனுக்கே அந்தக் கதி என்றால் சிரிப்பு இரண்டு மடங்காக வரும் என்பது கணக்கு. மேனரிங்காக நடித்த ஆர்தர் லோ முடியாது என்று சொல்லிவிட்டார். குண்டு கிளைவ் டன் நடித்த லான்ஸ் கார்ப்பரல் ஜோன்ஸுக்குப் போய்ச் சேர்ந்தது. தன் கால்சட்டை அவிழ்கிற காட்சி எதுவும் இருக்கக் கூடாது என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கியிருந்தார் என்றுகூட அவரைப் பற்றிச் சொல்வார்கள்.

இந்தக் கதையைச் சொல்கிறவர்கள் பெரும்பாலும் அவருடைய வறட்டுப் பிடிவாதத்துக்கு உதாரணமாகத்தான் சொல்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. அந்தப் பாத்திரம் எதனால் நிற்கிறது என்று எழுதியவர்களைவிட அவருக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. கால்சட்டைக்குள் குண்டோடு நெளிகிற மேனரிங்கைப் பார்த்து ஒரு தடவை சிரித்துவிடலாம், ஆனால் அடுத்த வாரம் அதே ஆள் நிமிர்ந்து நின்று கட்டளை போட்டால் அதில் ஒன்றும் மிஞ்சியிருக்காது. மானத்தை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருக்கும் ஒருவர் என்பதால்தான் அவரைப் பார்த்துச் சிரிக்கிறோம், அந்த மானத்தைப் பிடுங்கிவிட்டால் பிறகு சிரிக்க என்ன இருக்கிறது?

'டாட்ஸ் ஆர்மி' தொடரை நான் பார்க்க ஆரம்பித்தது ஒரு மழைக்காலத்தில், யூடியூபில், துண்டு துண்டாக. பாதி வசனம் காதில் விழவில்லை, ஊர்க்காவல் படை என்றால் என்ன என்றும் தெரியாது. ஆனாலும் நடுவில் நின்ற அந்தக் குட்டையான, உருண்டையான, கண்ணாடி போட்ட மனிதரிடமிருந்து கண்ணை எடுக்க முடியவில்லை. ஏதாவது ஒரு கலவரத்தில் சிக்கி எழுந்து வருவார், தொப்பி ஒரு பக்கம் சாய்ந்திருக்கும், கண்ணாடி இன்னொரு பக்கம் தொங்கும், ஆனால் முகத்தில் மட்டும் இம்மியளவும் தோல்வி இருக்காது. நிதானமாகக் கண்ணாடியைச் சரி செய்வார். தொப்பியைச் சரி செய்வார். அப்புறம்தான் பேசுவார். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு என் அப்பா ஞாபகம் வரும். அப்பா ஒரு வங்கிக் கிளையில் மேலாளராக இருந்தவர். கவுன்ட்டரில் யாராவது சத்தம் போட்டுவிட்டுப் போனால் ஒரு வார்த்தை பேசமாட்டார், கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைப்பதுபோல் சட்டை நுனியில் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டு, "அடுத்தது யார்?" என்பார். மேனரிங்கும் வங்கி மேலாளர்தான் என்று தெரிந்தபோது இந்த நடிகரைப் பற்றித் தேடிப் படிக்காமல் இருக்க முடியவில்லை.

ஆர்தர் லோ பிறந்தது 1915 செப்டம்பர் 22-ல், டார்பிஷயரில் ஹேஃபீல்டு என்ற கிராமத்தில். வளர்ந்தது மான்செஸ்டரின் லெவன்ஷூல்ம் பகுதியில். வீட்டுக்கு ஒரே பிள்ளை. அப்பா ரயில்வேயில் வேலை பார்த்தார், அந்த வேலைதான் எனக்கு மிகவும் பிடித்த விவரம்: ஊர் ஊராகப் போகிற நாடகக் குழுக்களுக்குத் தனி ரயில்கள் ஏற்பாடு செய்து கொடுப்பது. அந்தக் காலத்து இங்கிலாந்தில் நாடகக் குழு என்றால் நடிகர்கள் மட்டும் இல்லை, காட்சித்திரைகள், பெட்டி பெட்டியாக உடைகள், நாற்காலி மேசை எல்லாமே ரயிலில்தான் போகும். சனிக்கிழமை ராத்திரி ஒரு ஊரில் திரை விழுந்தால் ஞாயிற்றுக்கிழமை ரயிலேறி, திங்கட்கிழமை அடுத்த ஊரில் திரை தூக்க வேண்டும். அந்த ஓட்டத்தின் கால அட்டவணையைப் போடுகிறவரின் மகனாகத்தான் லோ வளர்ந்தார்.

ஆனால் சிறுவயதில் அவருக்கு ஆசை நாடகத்தின் மேல் இல்லை, கடலின் மேல். வணிகக் கப்பலில் சேர நினைத்தார், கண்பார்வை சரியில்லை என்று கதவு மூடிவிட்டது. மோட்டார் உதிரிபாகக் கம்பெனியில் கொஞ்ச நாள், அப்புறம் ஒரு விமானத் தொழிற்சாலையில் கொஞ்ச நாள். போர் வந்தது, ராணுவத்தில் இருந்தார், மத்திய கிழக்குக்கு அனுப்பினார்கள், சார்ஜன்ட் மேஜர் வரை உயர்ந்தார். பாலைவன முகாமில் சிப்பாய்களுக்குப் பொழுது போக வேண்டுமே என்று நாடகம் போட்டார்கள், அதில்தான் முதன்முதலாக மேடை ஏறினார். போர் முடிந்து ஊர் திரும்பியபோது முப்பது வயது. அந்த வயதில், 1945 கடைசியில், மான்செஸ்டரில் ஒரு ரெபர்ட்டரி நாடகக் குழுவில் சேர்ந்தார்.

ரெபர்ட்டரி என்றால் என்ன என்று கொஞ்சம் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் பின்னால் அவர் செய்த எல்லாமே அங்கே கற்றதுதான் என்று நான் நம்புகிறேன். வாரத்துக்கு ஒரு புது நாடகம். இந்த வார நாடகத்தை ராத்திரி நடிக்க வேண்டும், பகலில் அடுத்த வார நாடகத்துக்கு ஒத்திகை, படுக்கப் போகுமுன் வசனம் மனப்பாடம். பார்க்க வருகிறவர்கள் அதே ஊர் ஜனங்கள், அதே நாற்காலிகளில் உட்காருகிறவர்கள், போன வாரம் கொலைகாரனாகப் பார்த்த முகத்தை இந்த வாரம் பாதிரியார் என்று அவர்களை நம்ப வைக்க வேண்டும். யோசிக்க நேரம் கிடையாது. ஒரு ஆளை அவன் நடக்கிற விதத்திலும் கோட்டுப் பொத்தானைப் போடுகிற விதத்திலும் சட்டென்று பிடித்துவிட வேண்டும். சிரிப்பு எழும்போது எவ்வளவு நேரம் காத்திருப்பது, அது அடங்கும் முன்னால் எந்த இடத்தில் அடுத்த வரியை எடுப்பது என்பது யாரும் சொல்லிக்கொடுத்து வருகிற விஷயம் இல்லை, ஒவ்வொரு ராத்திரியும் பட்டுத் தெரிந்துகொள்வது. லோ குட்டை, சீக்கிரமே வழுக்கை, கொஞ்சம் பருமன். காதலன் வேடம் யாரும் கொடுக்கப் போவதில்லை. முப்பது வயதிலேயே ஐம்பது வயதுக்காரர்களை நடித்தார், கடைக்காரர், குமாஸ்தா, மாமனார், போலீஸ்காரர். அந்தக் குழுவில் ஜோன் கூப்பர் என்ற நடிகை இருந்தார், 1948-ல் இருவரும் கல்யாணம் செய்துகொண்டார்கள். ஜோனைப் பற்றிக் கடைசியில் மறுபடி சொல்ல வேண்டியிருக்கிறது.

அடுத்த பன்னிரண்டு ஆண்டுகள் பெரும்பாலும் துண்டு வேடங்கள்தான். 1949-ல் வந்த 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்' படத்தை அலெக் கின்னஸ் எட்டு வேடம் போட்ட படம் என்றுதான் எல்லோரும் நினைவு வைத்திருக்கிறார்கள். அதன் கடைசிக் காட்சியில், கொலைகள் செய்தும் தூக்கிலிருந்து தப்பி வெளியே வரும் நாயகனைச் சிறை வாசலில் ஒரு பத்திரிகைக்காரர் பணிவாக அணுகி, உங்கள் நினைவுக்குறிப்புகளை எங்களுக்குத் தருவீர்களா என்று கேட்பார். அப்போதுதான் நாயகனுக்கு உறைக்கும், தன் குற்றங்களை எல்லாம் வரிவிடாமல் எழுதிவைத்த காகிதக் கட்டு உள்ளே அறையிலேயே கிடக்கிறது என்று. மொத்தப் படத்தையும் கவிழ்க்கிற அந்தக் கேள்வியைக் கேட்பவர் ஆர்தர் லோ. சில நொடி வேலை. அவர் அங்கே எதையும் அழுத்திச் சொல்லவில்லை, வேலைக்கு வந்த ஒரு நிருபர் எப்படிக் கேட்பாரோ அப்படியே கேட்டார்.

லண்டனில் 'கால் மீ மேடம்', 'பால் ஜோயி', 'தி பஜாமா கேம்' என்று இசை நாடகங்களிலும் இருந்தார். அப்புறம் 1960-ல் 'கொரோனேஷன் ஸ்ட்ரீட்' என்ற தொடர் தொடங்கியது. இங்கிலாந்தின் வடக்கே உழைக்கும் மக்கள் வாழும் ஒரு தெருவின் கதை, இன்றைக்கும் ஓடிக்கொண்டிருக்கிறது. அதில் லியோனார்ட் ஸ்விண்ட்லி என்ற துணிக்கடைக்காரர் வேடம் லோவுக்கு. தொடக்க நாட்களில் வாரத்துக்கு இரண்டு எபிசோடில் ஒன்று நேரலை, ரெபர்ட்டரியில் பழகியவருக்கு அது வீட்டுச் சாப்பாடு மாதிரி. பெரிய வார்த்தைகளில் பேசுகிற, ஊர் விஷயங்களில் தலையிடுகிற, உள்ளுக்குள் பயந்த சுபாவமுள்ள மனிதர் ஸ்விண்ட்லி. 1964-ல் தேவாலயத்தில் மணப்பெண் எமிலி கடைசி நேரத்தில் அவரை விட்டுப் போய்விடுவாள். அடுத்த ஆண்டு லோ தொடரை விட்டு வெளியே வந்தார், அந்தப் பாத்திரத்தையே நாயகனாக வைத்துத் தனித்தொடர் எடுக்கிற அளவுக்கு அவரை மக்களுக்குப் பிடித்திருந்தது.

அவரை வெறும் டிவி நகைச்சுவை நடிகர் என்று ஒதுக்குகிறவர்கள் இன்னொரு பக்கத்தைத் தவறவிடுகிறார்கள். அதே 1964-ல், ஜான் ஆஸ்போர்னின் 'இன்அட்மிசிபிள் எவிடென்ஸ்' நாடகம் ராயல் கோர்ட் அரங்கில் அரங்கேறியபோது நிக்கல் வில்லியம்சனோடு மேடையில் இருந்தவர் இவர். இயக்குநர் லிண்ட்சே ஆண்டர்சன் இவரை விடவே இல்லை. 'திஸ் ஸ்போர்ட்டிங் லைஃப்', 'இஃப்', 'ஓ லக்கி மேன்!' என்று படத்துக்குப் படம் அழைத்தார். 'இஃப்' படத்தில் விடுதிப் பொறுப்பாசிரியர். அதிகாரம் கையில் இருந்தும் அதை மூத்த மாணவர்களிடம் விட்டுவிட்டு ஒதுங்கி நிற்கிற மனிதர். மேனரிங்குக்கு நேர் எதிரான ஆள். படமும் டாட்ஸ் ஆர்மியும் ஒரே ஆண்டில், 1968-ல் வந்தவை. ஒரே நடிகர் அந்த இரண்டையும் செய்திருக்கிறார் என்பதை நான் வியந்து வியந்து யோசித்திருக்கிறேன். 'ஓ லக்கி மேன்!' அவருக்குச் சிறந்த துணை நடிகருக்கான பாஃப்டா என்ற பிரிட்டிஷ் திரை விருதைக் கொடுத்தது. அதில் அவர் போட்ட மூன்று வேடங்களில் ஒன்று, கறுப்பு மை பூசிக்கொண்டு நடித்த ஆப்பிரிக்கத் தலைவர். அதை இன்று பார்க்கக் கஷ்டமாக இருக்கிறது, விருதைச் சொல்லிவிட்டு இதைச் சொல்லாமல் விடுவது சரியில்லை.

சரி, மேனரிங்குக்கு வருகிறேன்.

1940 மே 14 அன்று அமைச்சர் ஆந்தனி ஈடன் வானொலியில் பேசினார். ஜெர்மானியர்கள் வந்து இறங்கக்கூடும், ராணுவத்தில் இல்லாத ஆண்கள் உள்ளூர்ப் பாதுகாப்புக்கு முன்வர வேண்டும் என்று கேட்டுக்கொண்டார். ஜூலை முடிவதற்குள் 15 லட்சம் பேர் சேர்ந்துவிட்டார்கள். வயதானவர்கள், விடலைப் பையன்கள், முக்கியமான தொழிலில் இருந்ததால் போருக்குப் போக முடியாதவர்கள். ஆரம்பத்தில் துப்பாக்கி கிடையாது, சீருடை கிடையாது, கைப்பட்டை மட்டும். இதுதான் ஹோம் கார்டு என்ற ஊர்க்காவல் படை. ஜிம்மி பெரி என்பவர் பதினாறு வயதில் அதில் சேர்ந்திருந்தார். பிறகு நடிகராகி, வேலை சரியாகக் கிடைக்காத நாட்களில் அந்த அனுபவத்தை எழுதினார், டேவிட் கிராஃப்ட் கூடச் சேர்ந்துகொண்டார். பிபிசியில் 1968 ஜூலை 31-ல் தொடங்கி 1977 நவம்பர் வரை 80 எபிசோடுகள். கோடிக்கும் மேலானவர்கள் பார்த்த தொடர்.

மேனரிங் வேடத்துக்கு லோ முதல் தேர்வு இல்லை. பெரி இவர்தான் வேண்டும் என்று நினைத்தார், பிபிசியில் மேலே இருந்தவர்களுக்கு, போட்டித் தொலைக்காட்சியான ஐடிவியில் நடிக்கிற ஆள் என்ற தயக்கம். வேடம் முதலில் தோர்லி வால்டர்ஸ் என்ற நடிகரிடம் போய், அவர் மறுத்த பிறகுதான் லோவிடம் வந்தது. இன்று யோசித்தால் பகீரென்கிறது.

அந்தத் தொடரின் உயிர் எங்கே இருக்கிறது என்று கேட்டால் நான் மேனரிங்கையும் சார்ஜன்ட் வில்சனையும் காட்டுவேன். வழக்கமாக மேல்தட்டில் பிறந்தவன் அதிகாரியாக இருப்பான், கீழிருந்து வந்தவன் சார்ஜன்டாக இருப்பான். இங்கே அதைத் திருப்பிப் போட்டார்கள். மேனரிங் சிறுகச் சிறுக உழைத்து வங்கி மேலாளரானவர். அவருக்குக் கீழே தலைமை எழுத்தராக இருக்கும் வில்சனோ பெரிய இடத்துப் பிள்ளை, பணக்காரப் பள்ளியில் படித்தவர், எதற்கும் அவசரப்படாதவர், அழகாக இருப்பவர். வங்கியில் இவர் மேலாளர், படையில் இவர் கேப்டன், இருந்தும் வில்சன் மெல்லிய குரலில் "அது புத்திசாலித்தனம் என்று நினைக்கிறீர்களா, சார்?" என்று கேட்டதும் மேனரிங்கின் காலுக்குக் கீழே தரை ஆடும். அந்தக் கேள்விக்கும் பதிலுக்கும் நடுவில் ஒரு அரை நொடி இருக்கிறது. லோவின் உதடு லேசாக இறுகும், கண் வில்சன் பக்கம் மெதுவாகத் திரும்பும், கன்னத்தில் காற்று ஏறி இறங்கும். ஒரு சொல் கிடையாது. வாழ்நாள் முழுக்க மேலே ஏறி வந்த ஒரு மனிதனுக்கு, மேலேயே பிறந்தவனிடம் இருக்கும் வயிற்றெரிச்சல் அத்தனையும் அந்த அரை நொடியில் தெரியும். தொடர் ஸ்டுடியோவில் பார்வையாளர்கள் முன்னால் பதிவானது, சிரிப்பு உண்மையான சிரிப்பு, அது எழுந்து அடங்கும்வரை அந்த முகத்தை அப்படியே தாங்கி நிற்க மான்செஸ்டர் மேடை கற்றுக்கொடுத்திருந்தது.

வேடிக்கை என்னவென்றால் நிஜ வாழ்க்கையில் வில்சனாக நடித்த ஜான் லெ மெஷரர்தான் ராணுவத்தில் கேப்டன், லோ சார்ஜன்ட் மேஜர். மற்றவர்களும் சாதாரணமானவர்கள் இல்லை. ஜோன்ஸாக நடித்த கிளைவ் டன் போர்க்கைதியாக நான்கு ஆண்டுகள் இருந்தவர். எந்நேரமும் கழிவறைக்கு அனுமதி கேட்கும் சாதுவான காட்ஃப்ரேயாக நடித்த ஆர்னால்ட் ரிட்லி முதல் உலகப்போரில் சோம் சண்டையில் படுகாயம் அடைந்தவர், தொடர் தொடங்கியபோது அவருக்கு வயது 72. போரை வைத்து நகைச்சுவை செய்த அந்தக் கூட்டத்தில் பலரும் போரை உடம்பால் அறிந்தவர்கள். அதனால்தானோ என்னவோ தொடரில் எங்குமே அந்தக் கிழவர்களின் துணிச்சலை ஏளனம் செய்கிற தொனி வராது.

எல்லோரும் மேற்கோள் காட்டும் காட்சியும் நான் முதலில் சொன்ன அதே எபிசோடில்தான் இருக்கிறது. ஜெர்மன் கேப்டன் தன்னை அவமதிப்பவர்களின் பெயர்களைக் குறித்துக்கொண்டே வருகிறான், போரில் ஜெயித்த பிறகு கணக்குத் தீர்ப்பதற்கு. படையிலேயே சின்னப் பையனான பைக் ஹிட்லரைக் கிண்டல் செய்து ஒரு பாட்டுப் பாடுகிறான். "உன் பெயரும் பட்டியலில் ஏறும், உன் பெயர் என்ன?" என்கிறான் ஜெர்மானியன். மேனரிங் குறுக்கே பாய்கிறார்: "சொல்லாதே, பைக்!"

காகிதத்தில் இது பள்ளிக்கூடத்து ஜோக். லோ அதைச் சொல்வதைப் பாருங்கள். ஒரு பையனுக்கு ஆபத்து என்று தெரிந்த கணத்தில் அவனைக் காப்பாற்றத் துடிக்கும் அதிகாரியின் குரல் அது. முழு நம்பிக்கை, முழு வேகம். ஜோக் சொல்கிறோம் என்ற நினைப்பு குரலில் துளியும் இல்லை. பைக்கைப் பார்த்து அவர் வழக்கமாகச் சொல்லும் "முட்டாள் பையா" என்பதும் அப்படித்தான், அதில் கோபத்தைவிட அலுப்பும், அலுப்புக்குள்ளே எங்கேயோ வாஞ்சையும் இருக்கும்.

சிரிப்பே இல்லாமல் அவர் நடித்த இடங்களும் உண்டு. 1970-ல் வந்த 'மம்ஸ் ஆர்மி' எபிசோடில் படைக்கு உதவப் பெண்களைச் சேர்க்கிறார்கள், அதில் திருமதி கிரே என்பவர்மேல் மேனரிங்குக்கு மனசு போய்விடுகிறது. அவருக்கு வீட்டில் மனைவி எலிசபெத் இருக்கிறாள், டிவி தொடரில் நாம் ஒருநாளும் முகம் பார்க்காதவள். (ஒரே ஒரு எபிசோடில், பதுங்கறையின் மேல் படுக்கை அவள் பாரத்தால் கீழே படுத்திருக்கும் கணவரின் முகத்துக்கு மேல் தொங்குவதை மட்டும் பார்க்கலாம்.) ஊர் பேசத் தொடங்கியதும் திருமதி கிரே போய்விட முடிவு செய்கிறாள். மேனரிங் ரயில் நிலையத்துக்கு ஓடுகிறார். போகாதே என்று கெஞ்சுகிறார், ஊர் என்ன சொன்னாலும் பரவாயில்லை என்கிறார், மரியாதையையே மூச்சாக வைத்திருந்த அந்த மனிதர். ரயில் போய்விடுகிறது. கால்சட்டை அவிழ்க்க மாட்டேன் என்ற நடிகர் இங்கே எல்லாவற்றையும் அவிழ்த்துப் போட்டுவிட்டு நிற்கிறார் என்று எனக்குத் தோன்றியது. எப்போது இறங்கிப்போக வேண்டும் என்று தெரிந்தவர்தான் மற்ற நேரங்களில் இறங்க மறுத்திருக்கிறார்.

1975 கிறிஸ்துமஸுக்கு வந்த 'மை பிரதர் அண்ட் ஐ' எபிசோடில் லோவுக்கு இரட்டை வேடம். மேனரிங்கின் அண்ணன் பாரி, விளையாட்டுச் சாமான் விற்று ஊர் சுற்றும் குடிகாரன். தம்பியை உம்மணாமூஞ்சி என்று கூப்பிடுவான். அப்பா பெரிய தையல் விற்பன்னர் என்று மேனரிங் கட்டி வைத்திருந்த குடும்பப் பெருமையை, சின்னத் துணிக்கடைதானே வைத்திருந்தார் என்று ஒரே போடாகப் போட்டு உடைப்பான். அப்பாவின் கைக்கடிகாரத்துக்காக, இல்லை இல்லை, சட்டைப்பை கடிகாரத்துக்காக இருவரும் மோதிக்கொள்கிறார்கள். பாரியின் மூக்கு சிவந்திருக்கிறது, சட்டை கசங்கியிருக்கிறது, ஆனால் ஒப்பனை பெரிதாக எதுவும் இல்லை, உடம்பைத் தளர்த்தி விட்டதில்தான் மொத்த வித்தியாசமும். தோளை இறுக்காமல் விட்டால் மேனரிங் என்னவாகியிருப்பார் என்று அந்த நடிகர் நமக்குக் காட்டிவிடுகிறார். மேனரிங்கின் அந்த நிமிர்வு எவ்வளவு பாடுபட்டுச் சம்பாதித்தது என்று எனக்குப் புரிந்தது அன்றைக்குத்தான்.

லோவோடு வேலை பார்ப்பது சுலபமாக இருந்ததில்லை என்பதையும் சொல்ல வேண்டும். வசனம் படிக்க மாட்டார். ஸ்கிரிப்டை வீட்டுக்கே கொண்டு போக மாட்டார் என்று கிராஃப்டும் பெரியும் அங்கலாய்த்திருக்கிறார்கள், ஒத்திகையில் பார்த்துக்கொள்ளலாம் என்பார். வாரத்துக்கு ஒரு நாடகம் மனப்பாடம் செய்தவர் ஐம்பது வயதுக்கு மேல் ஏன் இப்படி ஆனார் என்று யோசிக்கத் தோன்றுகிறது. அவருடைய புகழ்பெற்ற தயக்கங்களில் சில, அடுத்த வரியைத் தேடிய தயக்கங்கள்தான் என்றும் கூட நடித்தவர்கள் சொல்வார்கள். இருக்கலாம். தேடுகிற நேரத்திலும் மேனரிங்காகவே தேடினார் என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

எழுபதுகள் முழுக்க ஓயாத வேலை. 1974-ல் நேஷனல் தியேட்டர் போட்ட 'தி டெம்பெஸ்ட்' நாடகத்தில் ஜான் கீல்குட் பிராஸ்பெரோ, இவர் குடிகார பட்லர் ஸ்டெஃபானோ. பிபிசியின் 'டேவிட் காப்பர்ஃபீல்ட்' தொடரில் கடனாளி மிகாபர். 'தி ரூலிங் கிளாஸ்' படத்தில், எஜமானர் சாகும்போது விட்டுப்போன பெருந்தொகை கைக்கு வந்ததும் மனதில் அடக்கி வைத்ததை எல்லாம் கொட்டும் பட்லர். 'தியேட்டர் ஆஃப் ப்ளட்'டில் படுக்கையிலேயே தலை அறுபடுகிற விமர்சகர். 'மிஸ்டர் மென்' சிறுவர் கார்ட்டூனின் கதைகளைச் சொன்ன குரலும் இவருடையதே, பிரிட்டனில் ஒரு தலைமுறைக் குழந்தைகளுக்கு அவர் முகத்துக்கு முன்னால் குரல்தான் பரிச்சயம். 1885-ல் கட்டிய 'அமேசான்' என்ற பழைய நீராவிப் படகை வாங்கிப் பழுதுபார்த்து வைத்திருந்தார். கப்பலில் சேரக் கூடாது என்று திருப்பி அனுப்பப்பட்ட பையனின் ஆசை அப்படி நிறைவேறியது.

இனி ஜோன். கடைசி ஆண்டுகளில் லோ பெரிய வாய்ப்புகளைத் தேடிப் போகவில்லை. தன்னைக் கூப்பிட்டால் ஜோனுக்கும் வேடம் வேண்டும் என்று கேட்டார், அதனால் சில இடங்களில் மனக்கசப்பும் வந்தது. டாட்ஸ் ஆர்மியிலேயே காட்ஃப்ரேயின் சகோதரி டாலியாக ஜோன் வந்திருக்கிறார். லண்டன் பெரிய மேடைகளை விட்டுவிட்டு, மனைவியோடு ஊர் ஊராகச் சின்ன அரங்குகளில் பழைய நாடகங்களைப் போட்டுக்கொண்டு திரிந்ததை அவருடைய தொழில் வாழ்க்கையின் சரிவு என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அவர்கள் இருவரும் சந்தித்தது அப்படி ஒரு மேடையில், அங்கே திரும்பிப் போக வேண்டும் என்று தோன்றியிருக்கிறது, போனார். உடம்பு ஒத்துழைக்கவில்லை, நினைத்த நேரத்தில் தூக்கம் ஆளை அமுக்குகிற நோய் வந்திருந்தது, அப்படியும் விடவில்லை.

1982 ஏப்ரல் 14. பர்மிங்ஹாமில் அலெக்சாண்ட்ரா தியேட்டர். ஆர்.சி. ஷெரிஃபின் 'ஹோம் அட் செவன்' நாடகம், ஒரு நாள் முழுவதும் நினைவிலிருந்து அழிந்துபோன ஒரு வங்கி ஊழியரின் கதை. மதியம் அதே ஊரில் பிபிசியின் நேரலை நிகழ்ச்சி ஒன்றில் உட்கார்ந்து பேட்டி கொடுத்துவிட்டு வந்தார். மாலை நாடகம் தொடங்குமுன் ஒப்பனை அறையில் பக்கவாதம் வந்து சரிந்தார். மறுநாள் விடியும் முன் ஆஸ்பத்திரியில் போய்விட்டார். வயது 66.

இறுதிச் சடங்குக்கு ஜோன் வரவில்லை. குழு பர்மிங்ஹாமிலிருந்து கிளம்பி அடுத்தடுத்த ஊர்களுக்குப் போய்க்கொண்டிருந்தது, அந்த நாளில் அவர் பெல்ஃபாஸ்டில் அதே 'ஹோம் அட் செவன்' நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்தார். ஒரு காட்சியையும் ரத்து செய்ய அவர் சம்மதிக்கவில்லை. இதைப் படித்த அன்று முதலில் எனக்கு மனம் கசந்தது. அப்புறம் லெவன்ஷூல்ம் வீட்டில் அந்த ரயில்வேக்காரர் நாடகக் குழுக்களுக்காகப் போட்ட கால அட்டவணைகள் நினைவுக்கு வந்தன. சனிக்கிழமை திரை இறங்கும், ஞாயிறு பெட்டிகள் ஏறும், திங்கட்கிழமை அடுத்த ஊரில் சனம் வந்து உட்கார்ந்திருக்கும்.